களத்தடி நெல்லும் ஒரு பொன்னாடையும்

1

நேற்று மாலை எனக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். சிங்கப்பூரில் நம்மவர்கள் நடத்தும் மன்றம் ஒன்றின் ஆண்டு விழா. அதில் ஒரு சொற்போர். தொழிலாளிக்கு உற்ற துணை சட்டமா, சங்கமா என்பது தலைப்பு. சீட்டெடுத்ததில் சட்டத்தின் பக்கம் எனக்கு வாய்த்தது. வாய்த்த பக்கத்தை வெல்லும் பக்கமாக ஆக்குவது எப்படி என்பதைப் பள்ளிப் பருவத்திலேயே பயின்றவன் நான். அடக்கம் கருதி மறைத்தால் அது பொய்யாகிவிடும்: நான் பேசினேன், அவை எழுந்து நின்றது, நடுவர் சட்டத்துக்கே தீர்ப்பளித்தார்.

அந்த மேடையில் நான் சொல்லாத செய்தி ஒன்று உண்டு. நீடாமங்கலத்துக்கு அருகே ஒரு நெல் ஆலையில் களத்தொழிலாளியாக இருந்து, திருடினார் என்று குற்றம் சுமத்தப்பட்டு வெளியேற்றப்பட்ட என் அண்ணன், பல ஆண்டு வழக்குக்குப் பின் சென்ற மாதம் அதே ஆலையில் மீண்டும் வேலைக்குச் சேர்ந்தார். சேர்த்துவிட்டது சட்டம்தான். அதைச் சொல்லியிருந்தால் கைதட்டல் இன்னும் ஓங்கியிருக்கும். சொல்வதற்கு நா எழவில்லை. ஏன் எழவில்லை என்பதை ஊரிலிருக்கும் உங்களுக்காவது சொல்ல வேண்டும் என்று எழுதுகிறேன். அண்ணனைக் காத்தையன் என்று குறிக்கிறேன்; அது அவர் பெயரன்று.

2

இங்கே நான் கப்பல் சரக்குக் கிடங்கு ஒன்றில் எழுத்தர். கூத்தாநல்லூர் தாவூது பாய், இந்நகரில் துணிக்கடை வைத்திருப்பவர், யார் யாரையோ பார்த்து வாங்கிக் கொடுத்த வேலை இது. காலையில் பேருந்து, பகலெல்லாம் பெட்டிகளின் எண்ணைச் சரிபார்த்தல், மாலையில் வாயில். வாயிலில் ஒரு மேசை போட்டுக் காவலர் அமர்ந்திருப்பார். வெளியே போகிற ஒவ்வொருவரும் பையைத் திறந்து காட்ட வேண்டும். என் சோற்றுப் பாத்திரத்தின் மூடியையும் திறக்கச் சொல்வார். அடியில் ஒட்டியிருக்கும் பருக்கைகளைப் பார்த்துவிட்டுத் தலையசைப்பார்.

தமிழில் குறிப்பின்றி ஒரு மணி நேரம் முழங்குகிறவனுக்கு இது பொறுக்குமா? "என்னை நீங்கள் ஐயுறுவது முறையன்று" என்பதை ஆங்கிலத்தில் ஆக்கி, இலக்கணம் பிசகாமல் அடுக்கி, ஒரு வாரம் பேருந்திலேயே மனப்பாடம் செய்தேன். மேசைக்கு முன்னால் போய் நின்றதும் வாயிலிருந்து வந்தது, "தேங்க்யூ சார்." அவ்வளவுதான். என் வேலை அனுமதிச் சீட்டு முதலாளியின் பெயரோடு முடிச்சிடப்பட்டது. வேலை போனால் நாடு போகும். புதுப்பிக்கும் அலுவலகத்தின் வரிசையில் நிற்கும்போதெல்லாம், எதற்காகவேனும் பணிநீக்கம் செய்யப்பட்டதுண்டா என்ற கேள்விக்கு இல்லை என்று எழுதி, எழுதியதைத் திரும்பத் திரும்பப் படித்துப் பார்ப்பேன்.

என் மகள் குழலி, கீழ்வீட்டுப் பிள்ளைகளோடு எனக்குப் புரியாத மொழியில் சண்டையிட்டு எனக்குப் புரியாத மொழியில் சமாதானமும் ஆகிறாள். நான் வீட்டில் பேச்சை ஒத்திகை பார்க்கும் நாளில் மட்டும் நாற்காலி மேல் ஏறி, "அவைத் தலைவர் அவர்களே" என்று என்னைப் போலவே கையை நீட்டுகிறாள். அதற்குமேல் ஒரு சொல்லும் அவளுக்குத் தெரியாது. தமிழென்றால் அப்பா குரலை உயர்த்தும்போது பேசுகிற மொழி என்றுதான் அவள் எண்ணியிருக்கிறாள் போலும்.

3

எங்கள் அப்பா பண்ணையாள். மிராசுதாரின் களத்தில் நெல் அடித்து, தூற்றி, அம்பாரம் கட்டி, அளந்து வண்டியேற்றிய பிறகு, தரையில் மண்ணும் பதரும் கலந்து கொஞ்சம் கிடக்கும். அதற்குக் களத்தடி என்று பெயர். களத்தைக் கூட்டுகிறவனுக்கு அது சொந்தம். கேட்க வேண்டியதில்லை, கொடுக்க வேண்டியதுமில்லை. பண்ணை பார்த்துக்கொண்டிருக்கும்போதே அள்ளலாம். அள்ளிய நெல்லை அப்பா இடுப்பிலிருந்த துண்டை அவிழ்த்து அதில் முடிந்துகொள்வார். ஏனெனில் அந்தக் காலத்தில் பண்ணையின் கண்ணெதிரே எங்களவர் துண்டைத் தோளில் போடுவதில்லை. இடுப்பில்தான் கட்ட வேண்டும்.

அந்தத் துண்டைத் தோளுக்கு ஏற்றியது நாங்கள், மேடைக்காரர்கள். இதை நான் எந்த அவையிலும் சொல்வேன். பள்ளி ஆண்டு விழாவில் என் முதல் பேச்சே தோளில் துண்டு போடும் உரிமையைப் பற்றியதுதான். முன்வரிசையில் தரையில் அமர்ந்து கேட்ட அண்ணன், கூட்டம் கலைவதற்குள் துண்டை எடுத்துத் தோளில் போட்டுக்கொண்டார். அதற்குப் பிறகு அது இறங்கவில்லை. சித்திரை வெயிலில் ஒருநாள் என்னிடம் நொந்துகொண்டார்:

"நீ பேசுனாலும் பேசுன, தலையில முண்டாசு கட்டக்கூட கூச்சமா இருக்குடா தம்பி. எறக்குனா உம் பேச்சு வீணாப் போயிடும்போல இருக்கு."

நில உச்சவரம்புச் சட்டம் வந்தது. மிராசுதாரின் இளைய மகன் நிலத்தின் ஒரு பகுதியை விற்று, ரயில் பாதையை ஒட்டி நெல் அவிக்கும் ஆலை ஒன்றைக் கட்டினார். ஊரில் அவருக்குச் சின்னப் பண்ணை என்று பெயர். அண்ணன் அங்கே களத்தொழிலாளியாகச் சேர்ந்தார். அவித்த நெல்லைச் சிமெண்டுக் களத்தில் பரப்பி, காலால் கிளறி, காய்ந்ததும் கூட்டிக் குவிக்கும் வேலை. மாலையில் குவியலை அள்ளிய பிறகு, விரிசல்களிலும் சுவரோரத்திலும் மண்ணோடு கிடப்பதை அண்ணன் கூட்டி எடுத்துத் துண்டில் முடிந்துகொள்வார். ஆலை மேற்பார்வையாளர் தாமே முறம் எடுத்துக் கொடுத்ததுண்டு. சம்பளம், வருகைப் பதிவு, சங்கு எல்லாம் புதிதாக வந்துவிட்டன. களத்தடி மட்டும் பழையபடியே நடந்தது.

பிறகு கூலிப் போராட்டம் வந்தது. வயலில் அறுவடை நின்றது. வெளியூர் ஆட்களை வைத்து அறுத்த நெல் ஆலைக்கு வந்தபோது, செங்கொடிச் சங்கத்தில் இருந்த அண்ணனும் அவருடைய கூட்டாளிகளும் மூட்டையை இறக்க மாட்டோம் என்று கைகட்டி நின்றார்கள். நான் கறுப்பு சிவப்பு மேடைகளில் பேசிக்கொண்டிருந்த காலம் அது. "எங்க ஆட்சிதானே நடக்குது, பேசித் தீர்த்துக்கலாம் அண்ணே" என்றேன்.

"ஒங்க ஆட்சியில மைக்குத்தான் மலிவு" என்றார்.

போராட்டம் முடிந்து எல்லாரும் வேலைக்குத் திரும்பிய பின், ஒரு மாலை, வாயிற்காவலன் அண்ணனை நிறுத்தித் துண்டை அவிழ்க்கச் சொன்னான். உள்ளே இருந்தது களத்தடி நெல்; பார்த்துக் குறித்துக்கொண்டு போகவிட்டான். மறுநாள் குற்றச்சாட்டு ஓலை வந்தது.

4

இதற்குப் பிறகு அண்ணன் செய்ததை எங்கள் பக்கத்து மனிதன் ஒருவன்தான் செய்வான்.

பண்ணையில் எப்போதாவது களத்தடியைப் பற்றிப் பேச்சு முற்றினால், அதற்கு ஒரு முறை உண்டு. எடுத்தவன் எடுத்ததைக் கொண்டுவந்து எல்லார் முன்னாலும் களத்தில் கொட்டிவிடுவான். அத்தோடு பண்ணையின் கோபம் தீர்ந்ததாகக் கணக்கு. கொட்டியதைத் திரும்ப வாங்கிக்கொள்வது பண்ணைக்கு இழுக்கு. ஆகவே "எடுத்துக்கிட்டுப் போடா" என்பார். அவன் அள்ளிக்கொண்டு போவான். இருவர் மானமும் தப்பும்.

அண்ணன் எடுத்த நெல் உலையில் வெந்து போயிருந்தது. ஆகவே கடையில் நல்ல நெல்லாக வாங்கினார். எடுத்ததைவிடக் கூடுதலாக, கூம்பு நிற்கிற மாதிரி ஒரு மரக்கால். நான் தடுத்துப் பார்த்தேன்.

"விளக்கம் எழுதிக் குடுப்போம் அண்ணே. நானே எழுதறேன்."

"எழுத்து எதுக்கு? கொட்டிட்டா முடிஞ்சுது. சின்னப் பண்ணை நம்ம அப்பா தோள்ல ஏறி வெளையாண்ட புள்ளைடா."

உடன் போனேன். வேலை நடந்துகொண்டிருந்தது. அண்ணன் நேராகக் களத்தின் நடுவே போய் நெல்லைக் கொட்டினார். பெண்கள் துடைப்பத்தை நிறுத்தினார்கள். அலுவலக அறையிலிருந்து சின்னப் பண்ணை வெளியே வந்தார். வர வேண்டிய அந்த ஒரு சொல்லுக்காக அண்ணன் தலை குனிந்து நின்றார்.

"கணக்குப்பிள்ளை, தராசைக் கொண்டாங்க" என்றார் சின்னப் பண்ணை.

நிறுத்தார்கள். எடையை எழுதினார்கள். திருப்பிக் கொடுத்த நெல்லுக்கு ரசீது என்று ஒரு தாளை நீட்டி, கீழே அண்ணனைக் கையெழுத்திடச் சொன்னார்கள். அண்ணன் அந்தத் தாளையும் சின்னப் பண்ணையின் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார். எடை போடுவார்கள் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை. மானம் பார்த்துக் கையெழுத்தையும் போட்டார். பின்னாளில் வழக்கு முழுவதும் அந்தத் தாளின் மேல்தான் நின்றது. திருடாதவன் ஏன் திருப்பிக் கொடுத்தான்?

விசாரணை ஆலைக்குள்ளேயே நடந்தது. நான் பேச வருகிறேன் என்றேன். வெளியாருக்கு அனுமதியில்லை என்றார்கள். சன்னலுக்கு வெளியே, தவிட்டுத் தூசியில் நின்றேன். விசாரித்தவர் தஞ்சாவூர் வழக்கறிஞர்.

"நெல்லை எடுத்தது நீதானா?"

"நான்தாங்க."

"யாரைக் கேட்டு எடுத்தே?"

"களத்தடிய யாருங்க கேட்டு எடுப்பா?"

"கேட்டதுக்கு மட்டும் பதில் சொல்லு. அனுமதி வாங்கினியா?"

"இல்லீங்க. ஆனா..."

"இல்லை. எழுதிக்குங்க."

அந்த 'ஆனா'வுக்குப் பின்னால் அப்பா இருந்தார், பாட்டன் இருந்தார், ஒரு வளநாட்டின் வழக்கம் முழுவதும் இருந்தது. எதுவும் ஏட்டில் ஏறவில்லை.

வேலைநீக்க ஆணை வந்த மாலை, ஆலை வாயிலில் கூட்டம் போட்டு நான் பேசினேன். உண்மையாகவே நன்றாகப் பேசினேன். ரயிலுக்குப் போகிறவர்கள் நின்று கேட்டார்கள். கூட்டம் கலைந்ததும் அண்ணன் அருகே வந்தார்.

"நல்லாத்தான் பேசுன. நாளைக்குக் காலையில நான் எங்க போறது?"

5

வழக்கு தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போனது. வாய்தா, மறு வாய்தா. ஒருமுறை நீதிபதி மாற்றம், ஒருமுறை எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்குக் காய்ச்சல். அண்ணன் ஒவ்வொரு முறையும் வெளுத்த சட்டையும் தோளில் துண்டுமாக ரயிலேறிப் போய், பெயர் கூப்பிட்டதும் எழுந்து நின்று, தேதி வாங்கிக்கொண்டு திரும்புவார். வேறு ஆலைகளில் கேட்டால், "கேஸு முடியட்டும்" என்றார்கள். நடவுக்கும் அறுப்புக்கும் கிடைத்த கூலிதான் அடுப்பெரித்தது. அதற்கிடையே எனக்கு இந்த நாட்டுக்கு வழி திறந்தது, வந்துவிட்டேன்.

மாதாமாதம் பணம் அனுப்பினேன். அண்ணன் வேண்டாமென்று சொல்லவில்லை. வாங்கிக்கொள்கிறேன் என்றும் சொல்லவில்லை. அவர் சொல்லச் சொல்ல மகள் தமிழரசி எழுதும் கடிதத்தின் முடிவில் எப்போதும் ஒரே வரி இருக்கும்: "கேஸ் ஜெயித்து விட்டுப்போன சம்பளம் வந்ததும் தம்பி பணத்தைத் திருப்பிவிடுகிறேன்." திருப்ப வேண்டாம் என்று ஒருமுறை எழுதிவிட்டேன். அடுத்த இரண்டு மாதம் கடிதமே வரவில்லை. பிறகு நான் அதைப் பற்றிப் பேசுவதை விட்டேன்.

தீர்ப்பு ஆங்கிலத்தில் வந்தது. சங்கத்து வக்கீல் பொருளைச் சொல்லியும் அண்ணனுக்கு மனம் ஒப்பவில்லை. "தம்பி படிச்சுச் சொல்லட்டும்" என்று எனக்கு ஒரு படி அனுப்பவைத்தார். அகராதியும் கையுமாக அமர்ந்தேன். சாரம் இதுதான்: ஆலையின் நெல்லை அனுமதியின்றி எடுத்தது மெய்ப்பிக்கப்பட்டது. ஆயினும் எடுத்ததன் அளவை நோக்கினால் வேலைநீக்கம் மிகையான தண்டனை. ஆகவே அவரை மீண்டும் பணியில் அமர்த்த வேண்டும். பணித் தொடர்ச்சி உண்டு. இடைப்பட்ட காலத்துக்குச் சம்பளம் இல்லை.

எழுதி அனுப்பினேன். பதில் வந்தது. தமிழரசியின் கையெழுத்து, குரல் அண்ணனுடையது.

"நான் திருடன்னா எனக்கு எதுக்கு வேலை? திருடன் இல்லேன்னா எதுக்குச் சம்பளம் இல்ல? ரெண்டுல ஒண்ணு சொல்லச் சொல்லு."

எத்தனை சொற்போர்களில் எத்தனை கேள்விகளைச் சந்தித்திருக்கிறேன்! எதிரணிக்காரன் வாயைத் திறக்கும் முன்னே விடையை எடுத்து வைப்பவன் நான். இந்தக் கேள்விக்கு நான்கு பக்கம் எழுதினேன். நீதிமன்றங்கள் இருதரப்பையும் சீர்தூக்கும் முறை, தண்டனைக்கும் குற்றத்துக்கும் இருக்க வேண்டிய பொருத்தம், மேல்முறையீட்டின் சாதக பாதகங்கள். அண்ணனிடமிருந்து வந்தது ஒரு வரி: "நீ எழுதுனது நல்லாருக்கு. கேட்டதுக்குப் பதில் எழுது."

அந்த நேரத்தில் சின்னப் பண்ணை ஆள் அனுப்பினார். அண்ணன் ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டால், விட்டுப்போன சம்பளத்துக்கு ஏறக்குறைய ஈடாக ஒரு தொகை கையில் தருவதாகச் சொன்னார். எனக்குத் திருப்ப வேண்டியதைத் திருப்பி, கூரையையும் மாற்றியிருக்கலாம். வாங்கிக்கொள்ளும்படி நானே எழுதினேன். அண்ணன் மறுத்துவிட்டார்.

"காச வாங்கிட்டு வெளிய நின்னா, ஆமாம்னு ஆயிடும். நான் அந்தக் களத்துல போயி நிக்கணும். நான் கூட்டறத ஊரு பாக்கணும்."

அவர் கேட்டது அவ்வளவே. சென்ற மாதம் போய் நின்றார். "அப்பா வேலைக்குச் சேர்ந்துவிட்டார்" என்று தமிழரசி எழுதியிருந்தாள். வேறொன்றும் எழுதவில்லை.

6

இன்று ஞாயிற்றுக்கிழமை. ஊருக்குப் போய்த் திரும்பிய தாவூது பாய், காலையில் பலகாரப் பொட்டலத்தோடு வீட்டுக்கு வந்தார். குழலி கூடத்தில் பொம்மைகளைப் பரப்பி விளையாடிக்கொண்டிருந்தாள். என் மனைவி மரகதம் தேநீர் கொண்டுவந்து வைத்தாள்.

"நேத்து ராத்திரிதான் வந்து எறங்குனேன். கடைக்குள்ள நுழையறதுக்குள்ள நாலு பேரு, உங்க ஊர்க்காரரு சட்டத்த ஜெயிக்க வச்சுட்டாருன்னு சொல்றான். வக்கீலா போயிருக்கலாம் தம்பி நீங்க."

"அண்ணனைப் பாத்தீங்களா பாய்?"

"பாத்தேன், பாத்தேன்." தேநீரை ஆற்றிக் குடித்தார். "நீடாமங்கலம் ரயிலடியில. ஆலை விட்டு வர்ற நேரம். எனக்கு முதல்ல அடையாளமே தெரியல. காத்தையன்னா தோள்ல துண்டு கெடக்குமே! 'என்னய்யா, துண்ட ரயில்ல விட்டுட்டியா'ன்னு சிரிச்சுக்கிட்டே கேட்டுட்டேன்."

"அதுக்கு என்ன சொன்னாரு?"

"ஆலையில புது ஷரத்தாம். களத்துல வேலை பாக்கறவங்க துண்டு, பை எதுவும் உள்ள கொண்டுபோகக் கூடாது. வாசல்ல வரிசையா ஆணி அடிச்சிருக்காங்க, அதுல மாட்டிட்டுப் போகணும். எல்லாருக்கும்தான். யாருக்காகப் போட்டதுன்னு ஊருக்கே தெரியும். உங்க அண்ணன் சொல்றாரு, 'அவன் முன்னால நின்னு தோள்லேருந்து எடுக்கறதுக்கு, நான் வீட்டுலயே வச்சுட்டு வந்துடறேன் பாய்'ங்கறாரு."

"களத்தடி நெல்லு?"

"அத இப்ப மூட்டையில கட்டி, கோழித் தீவனத்துக்கு விக்கிறாங்களாம். கூட்டறது உங்க அண்ணன்தான்."

மரகதம் அடுக்களை வாயிலிலேயே நின்றுவிட்டாள். எனக்குச் சினம் மூண்டது. அந்தச் சினம் வரும் வழி எனக்குப் பழக்கமானது: முதலில் நெஞ்சில் ஓர் எடுப்பு, பின் சொற்கள் தாமே அணிவகுக்கும். பாட்டன் இடுப்பில் கட்டிய துண்டு, தந்தை இடுப்பில் கட்டிய துண்டு, தோளேறிய துண்டு, இன்று ஆணியில்... எழுந்துகொண்டிருந்த அந்த உரையை பாய் என் முகத்திலேயே படித்துவிட்டார் போலும். கோப்பையைக் கீழே வைத்தார்.

"இன்னொண்ணும் சொன்னாரு தம்பி. சொல்றதா வேணாமான்னு பாக்குறேன்."

"சொல்லுங்க பாய்."

"'தம்பிகிட்ட இத சொல்லிடாதீங்க. மேடையில பேசிடுவான்'னாரு."

பாய் சிரித்தார். நானும் சிரித்ததாக நினைவு. அணிவகுத்த சொற்கள் நின்ற இடத்திலேயே நின்றன. அவற்றை எங்கே கொண்டுபோய் இறக்குவது? நாளை மாலை நானும் வாயில் மேசைக்கு முன் பையைத் திறப்பேன், சோற்றுப் பாத்திரத்தின் மூடியையும் திறப்பேன். அண்ணனுக்கு இது தெரியாது. நானும் எழுதியதில்லை.

விடைபெற எழுந்தபோது நாற்காலியின் முதுகில் கிடந்த பொன்னாடை பாயின் கண்ணில் பட்டது. ஓரத்தைப் பிடித்துப் பார்த்தார், துணிக்கடைக்காரரின் விரல்கள்.

"நேத்து போட்டதா? நல்ல சரிகை. அடுத்த வாரம் எங்க மச்சான் ஊருக்குப் போறாரு. அண்ணனுக்குக் குடுத்தனுப்புங்களேன்."

"வேணாம் பாய். இங்கயே இருக்கட்டும்."

அவர் வற்புறுத்தவில்லை. படியிறங்கிப் போனார். நான் கதவைச் சாத்திவிட்டுத் திரும்புவதற்குள் குழலி பொன்னாடையை இழுத்துத் தன் பெரிய பொம்மையின் தோளில் போர்த்தியிருந்தாள். அதை நாற்காலி மேல் நிறுத்தி, கையைத் தூக்கிப் பிடித்து, என் குரலில் முழங்கினாள்:

"அவைத் தலைவர் அவர்களே!"

அதற்குமேல் அவளுக்குத் தெரியாது. என்னைப் பார்த்தாள். எனக்கும் தெரியவில்லை.